மலைக்கு அந்தப் பக்கத்து மண்: மன்றோ துருத்துப் படகுப் பயணம் பிறந்த கதை

ஆனி பிறந்து ஆரியங்காவுக் கணவாய் வழியாகக் காற்று திரும்பிவிட்டால், தென்காசியில் யாருக்கும் காலண்டர் தேவைப்படாது. சாரல் முகத்தில் பட்டதுமே குற்றாலத்தில் சீசன் என்று தெரிந்துவிடும். பேரருவியிலும் ஐந்தருவியிலும் தலை கொடுக்கக் கூட்டம் சேரும். வெண்ணமடைக் குளம் நிறைந்தால் அங்கே படகு குழாம் திறக்கும். குழந்தைகள் மிதிபடகில் ஏறி, மலையைப் பார்த்தபடி குளத்தைச் சுற்றி வருவார்கள். எங்கள் பக்கத்தில் படகு என்றால் அவ்வளவுதான்: நிறைந்த குளம், ஒரு சுற்று, கரை.

அந்தக் குளத்தை நிறைக்கும் மழை, மலையின் இன்னொரு சரிவிலும் பெய்கிறது. இந்தப் பக்கம் விழுந்தது சிற்றாறாகிக் குற்றாலத்தில் குதித்து, தென்காசியைக் கடந்து, சீவலப்பேரி அருகே தாமிரபரணியில் கலந்து, புன்னைக்காயலில் மன்னார் வளைகுடாவைச் சேர்கிறது. அந்தப் பக்கம் விழுந்தது பாலருவியாகவும் கழுத்துருட்டி ஆறாகவும் இறங்கி, குளத்துப்புழை, செந்துருணி ஆறுகளோடு சேர்ந்து கல்லடையாறு என்று பெயர் எடுத்து, புனலூர் வழியாக ஓடி, கொல்லத்துக்கு அருகே அஷ்டமுடிக் காயலில் முடிகிறது. 121 கிலோமீட்டர் நீளமுள்ள அந்த ஆறு காயலில் கலக்கும் இடத்தில் சிறு தீவுகளின் கூட்டம் ஒன்று இருக்கிறது. அதுதான் மன்றோ துருத்து. விடிகாலையில் மரத்தோணியில் உட்கார்ந்து, குறுகிய ஓடைகள் வழியே கண்டல் காட்டையும் மீனவர் வீடுகளையும் கயிறு திரிக்கும் முற்றங்களையும் பார்த்து வருவதற்காக இன்று உலகின் பல மூலைகளிலிருந்தும் ஆட்கள் வருகிறார்கள். குற்றாலத்துக்கு வரும் தமிழ்க் குடும்பங்களும் ரயிலேறிப் போய் வருகின்றன.

அந்தத் தோணிப் பயணத்தைச் சுற்றுலாத் துறையின் திட்டம் ஒன்றாகவே பலரும் நினைக்கிறார்கள். துறை அதில் கைவைத்தது மிகப் பிந்தி. அதற்கு முன்பே ஓர் ஆறு மண் சுமந்து தீவைக் கட்டியது, மனிதர்கள் மண்வெட்டியால் ஓடை வெட்டினார்கள், தச்சர்கள் கயிற்றால் பலகை தைத்தார்கள், பெண்கள் நாறிய நீரில் நின்று கதம்பை அடித்தார்கள். அத்தனை பேரின் உழைப்பும் ஒன்றன்மேல் ஒன்றாகப் படிந்துதான் அந்த இரண்டு மூன்று மணி நேரப் பயணம் உருவானது. மேலே தெரிவது சுற்றுலா, அடியில் கிடப்பது உழைப்பு.

ஆறு போட்ட அஸ்திவாரம்

மலையிலிருந்து இறங்கும் ஆறு வேகமாக ஓடும்போது மணலையும் களிமண்ணையும் உருட்டிக்கொண்டு வரும். நின்ற நீரில் நுழைந்ததும் வேகம் அடங்கும். அடங்கியவுடன் சுமையை இறக்கி வைக்கும், முதலில் மணல், பிறகு களி. காவிரி கடலோரத்தில் செய்ததைக் கல்லடையாறு காயலுக்குள் செய்தது. ஒவ்வொரு மழைக்காலத்திலும் கலங்கிய வெள்ளம் வந்து ஓர் அடுக்கு வண்டலைப் போட்டுவிட்டுப் போனது. நூற்றாண்டுகளில் அந்த அடுக்குகள் நீர்மட்டத்துக்கு மேலே எழும்பின. புல் முளைத்தது. கண்டல் செடிகள் வேர் விட்டு மண்ணைப் பிடித்துக்கொண்டன. பிறகு மனிதர்கள் வந்து தென்னை வைத்தார்கள்.

அஷ்டமுடி சாதாரண ஏரி அல்ல. எட்டுக் கிளைகளாகக் கை விரித்துக் கிடக்கும் அந்தக் காயலின் வாய் நீண்டகரையில் கடலோடு திறந்திருக்கிறது. ஓதம் ஏறும்போது உப்புநீர் உள்ளே வரும், மழைக்காலத்தில் கல்லடையின் நன்னீர் அதை வெளியே தள்ளும். இந்தத் தள்ளுமுள்ளில்தான் காயலின் உயிர் இருக்கிறது. கரிமீனும் இறாலும் கக்கா என்று அங்கே அழைக்கப்படும் மட்டியும் இந்த இரண்டும்கெட்டான் நீரில்தான் செழிக்கின்றன. 2002-இல் அஷ்டமுடி, உலக முக்கியத்துவம் வாய்ந்த ராம்சர் ஈரநிலங்களின் பட்டியலில் சேர்ந்தது. பட்டியல் வருவதற்கு ஆயிரம் ஆண்டுகள் முன்பே கடலோடிகளுக்கு அந்த நீர் தெரிந்திருந்தது. கொல்லத்துத் துறைமுகத்துக்கு அரபு, சீன வணிகர்கள் வந்தார்கள். 14-ஆம் நூற்றாண்டில் வந்த இபன் பதூதா அந்த ஊரின் கடைத்தெருக்களைச் சிறப்பித்து எழுதினார். கரையோரம் விரிந்து நிற்கும் சீன வலைகளைப் பயணிகள் இன்றும் படம் எடுக்கிறார்கள்.

கி.பி. 825-இல் தொடங்கும் கொல்லம் ஆண்டு திருநெல்வேலிச் சீமைக்குப் புதிதல்ல. பழைய கல்வெட்டுகளிலும் பத்திரங்களிலும் அது இருக்கிறது. மலை நடுவில் நின்றாலும் நாங்கள் நாள் எண்ணியது அந்தக் காயற்கரை ஊரின் கணக்கில். செங்கோட்டை 1956 நவம்பர் 1 வரை திருவிதாங்கூரோடும், பிறகு திருவிதாங்கூர்–கொச்சியோடும்தான் இருந்தது. அதனால் கல்லடையாற்றின் முகத்துவாரத்தைப் பற்றிப் பேசும்போது தென்காசிக்காரன் அயலூர்க் கதை பேசவில்லை.

மன்றோவின் பெயர்

மன்றோ என்றதும் சென்னைத் தீவுத்திடலில் குதிரைமேல் அமர்ந்திருக்கும் தாமஸ் மன்றோ நம் நினைவுக்கு வருவார். இவர் வேறு ஆள். கர்னல் ஜான் மன்றோ, திருவிதாங்கூரில் கிழக்கிந்தியக் கம்பெனியின் பிரதிநிதியான ரெசிடென்டாக 1810-இல் பொறுப்பேற்றவர். கம்பெனிக்கு எதிரான வேலுத்தம்பி தளவாயின் கிளர்ச்சி அடங்கிய சூடு ஆறாத நேரம் அது. 1811 முதல் 1814 வரை அவரே திவானாகவும் இருந்து நிர்வாகத்தைத் தன் கையில் வைத்திருந்தார். அந்தக் காலத்தில் திருவிதாங்கூரை ஆண்டவர்கள் இரு பெண்கள்: ராணி கௌரி லட்சுமி பாய், அவருக்குப் பின் அவருடைய தங்கை ராணி கௌரி பார்வதி பாய்.

காயல் ஓரத்துச் சதுப்புகளை இணைத்து ஓடைகள் வெட்டும் வேலை மன்றோ காலத்தில் நடந்தது. கோட்டயத்தில் 1815-இல் சிரியன் கிறிஸ்தவர்களுக்காக ஒரு சமயக் கல்லூரி தொடங்கியபோது, அதன் செலவுக்காகக் கல்லடைப் பகுதியின் இந்த நிலம் ராணியின் அரசால் வழங்கப்பட்டது. கல்லூரிக்கு மன்றோ பெரும் ஆதரவாளர் என்பதால் நிலத்துக்கு அவர் பெயரே விழுந்தது.

பெயர் துரைக்குப் போனது. ஓடையை வெட்டியவர்களின் பெயர் எந்த ஏட்டிலும் இல்லை. காயல் நிலத்தில் ஓடை வெட்டுவது எப்படிப்பட்ட வேலை என்பதை நினைத்துப் பார்க்க வேண்டும். இடுப்பளவு, சில இடங்களில் கழுத்தளவு நீரில் இறங்கிக் களியை வெட்டி எடுக்க வேண்டும். எடுத்த களியைத் தோணியில் ஏற்றி, மேடாக்க வேண்டிய இடத்தில் கொண்டுபோய்க் கொட்ட வேண்டும். ஓடை ஆழமாகும்போது பக்கத்தில் வரப்பு உயரும். வரப்பில் தென்னை, உள்ளே நெல், ஓடையில் தோணி. இன்று பயணி ரசிக்கும் ஓடைகள் இயற்கையாக அமைந்தவை என்று தோன்றும். அவற்றில் பலவும் மனிதன் வெட்டியவை.

உலகில் வேறு சில இடங்களிலும் இதே கதை உண்டு. மெக்சிகோ நகரத்துக்குத் தெற்கே ஷோச்சிமில்கோவில், ஏரிக்குள் மண்ணை மேடாக்கித் தோட்டம் போட்டவர்கள் ஆஸ்டெக் காலத்து விவசாயிகள். தோட்டங்களுக்கு நடுவே விட்ட கால்வாய்களில் பூவும் காய்கறியும் ஏற்றிச் சென்ற படகுகளின் வழியில்தான் இன்று வண்ணம் பூசிய சுற்றுலாப் படகுகள் போகின்றன. ஜெர்மனியின் ஸ்ப்ரேவால்டில் வைக்கோலும் வெள்ளரிக்காயும் ஏற்றிய தட்டைப் படகுகளில், 1882-இல் பவுல் ஃபாலிஷ் என்ற பள்ளி ஆசிரியர் வெளியூர்க்காரர்களை ஏற்றி ஊர் காட்டத் தொடங்கினார். அங்கே ஒரு சிற்றூருக்குக் கோடை மாதங்களில் தபால் இன்னும் படகில்தான் போகிறது. உழைப்புக்காக வெட்டிய வழி, உழைப்புக்காகக் கட்டிய படகு, கடைசியில் வேடிக்கை பார்க்க வரும் விருந்தாளி. மன்றோ துருத்தும் இந்த வரிசையில் நிற்கிறது.

தைத்த தோணி

பயணத்தின் நாயகன் தோணி. மலையாளத்தில் வள்ளம் என்பார்கள். பெரியதைக் கெட்டுவள்ளம் என்பார்கள். ஆணி அடிக்காமல் பலகைகளைக் கட்டித் தைத்துச் செய்வதால் அந்தப் பெயர். அயினி மரத்தை அறுத்துப் பலகையாக்கி, விளிம்புகளில் வரிசையாகத் துளையிடுவார்கள். இரண்டு பலகைகளைச் சேர்த்து வைத்து, நடுவே தென்னை நாரை அடைத்து, கயிற்றைத் துளைகள் வழியே இழுத்துத் தைப்பார்கள். தையல் தளராமல் இறுக வேண்டும், அதே நேரம் பலகை பிளக்கக் கூடாது. அந்த அளவு தச்சனின் கைக்கு மட்டுமே தெரியும். பிறகு முந்திரிக்கொட்டைத் தோல் எண்ணெயைத் தடவுவார்கள். அதனால்தான் வள்ளங்கள் எல்லாம் அந்தக் கருநிறத்தில் இருக்கின்றன. முந்திரிக்குப் பேர்போன கொல்லத்தில் அந்த எண்ணெய்க்குப் பஞ்சமில்லை.

ஆணி இருந்தால் உப்புநீர் அதைத் தின்றுவிடும். கயிறு தளர்ந்தால் அவிழ்த்து மறுபடி தைக்கலாம், கெட்ட பலகையை மட்டும் மாற்றலாம். தைத்த உடம்புக்குக் கொஞ்சம் நெகிழ்வும் உண்டு. சேற்றுத் திட்டில் உரசினாலும் உடையாமல் வளைந்து கொடுக்கும்.

குறுகிய ஓடைகளுக்கான தோணி நீளமாகவும் ஒடுக்கமாகவும் ஆழமில்லாமலும் இருக்கும். துடுப்பு வீச இடம் போதாத ஓடையில் மூங்கில் கழிதான் கைகொடுக்கும். தோணிக்காரர் பின்முனையில் நின்று கழியைச் சேற்றில் ஊன்றி உடம்பைச் சாய்த்துத் தள்ளுவார். தோணி முன்னே நழுவும்போதே கழியை உருவி அடுத்த ஊன்றலுக்குத் தயாராவார். சேறு கழியைப் பிடித்துக்கொண்டால் ஆள் நீரில் விழ வேண்டியதுதான். எந்த இடத்தில் அடி கெட்டி, எந்த இடத்தில் இளக்கம் என்பது அவருக்குக் காலால் நடந்த தெருவைப் போலத் தெரியும்.

இந்தத் தோணிகள் சுமந்தவை எவை என்று பட்டியல் போட்டால் ஒரு ஊரின் வாழ்க்கை முழுவதும் வந்துவிடும். நெல், தேங்காய், கதம்பை, கயிறு, களிமண், மீன், மட்டி, பள்ளிப் பிள்ளைகள், பிரசவ வலி எடுத்த பெண்கள், பிணம். 1958-இல் கோட்டயம் – கொல்லம் ரயில்பாதை திறந்து, தீவுக்குள்ளேயே ஒரு ரயில் நிலையம் வந்த பிறகும் ஓடைக்கு ஓடை போகத் தோணிதான். 1988 ஜூலை 8 அன்று தீவை ஒட்டிய பெருமண் பாலத்தில் ஐலண்ட் எக்ஸ்பிரஸ் ரயிலின் பெட்டிகள் அஷ்டமுடிக் காயலில் விழுந்து 105 பேர் இறந்தார்கள். அன்று முதலில் தண்ணீரில் இறங்கியவர்கள் கரையிலிருந்த ஊர்க்காரர்கள். மீட்டுக் கரை சேர்த்ததிலும் அவர்களுடைய தோணிகளுக்குப் பங்குண்டு.

கதம்பையும் கக்காவும்

காயல் ஊர்களின் கைச்செலவுக்குக் காசு தந்தது கயிறு. உரித்த தேங்காய் மட்டையை, எங்கள் பக்கத்திலும் நாங்கள் கதம்பை என்றே சொல்வதை, உப்புக் கலந்த நீரில் அமிழ்த்தி மாதக்கணக்கில் ஊறவைப்பார்கள். ஊறி அழுகி நாரும் சோறும் பிரியத் தயாரானதும் வெளியே எடுத்து, பெண்கள் தடியால் அடித்து நாரைப் பிரிப்பார்கள். அழுகிய முட்டையின் வாடை ஊரெல்லாம் வீசும். அந்த வாடைதான் அடுப்பெரிய வைத்தது. பிறகு ராட்டு. ஒருவர் சக்கரத்தைச் சுற்ற, மற்றவர் மடியில் நாரைக் கட்டிக்கொண்டு விரலால் விட்டுக்கொடுத்தபடியே பின்னால் நடப்பார். பின்னால் போகப் போக முன்னால் கயிறு நீளும். முற்றத்தின் ஒரு முனையிலிருந்து மறுமுனைக்கு நாள் முழுவதும் அந்தப் பின்னடை நடக்கும். அந்தக் காலடிகளை யாராவது கூட்டிப் பார்த்தால் கொல்லத்திலிருந்து தென்காசிக்குப் பல தடவை நடந்து வந்த தூரம் இருக்கும்.

மீன் இன்னொரு பிழைப்பு. வலை வீசுபவர், தூண்டில் போடுபவர், முழுகிக் கக்கா அள்ளுபவர் என்று காயலில் ஆளுக்கொரு தொழில். கக்காவின் கதையைத் தனியே சொல்ல வேண்டும். எண்பதுகளில் வெளிநாட்டு ஏற்றுமதி தொடங்கியதும் அள்ளுவது பெருகியது. 1993-இல் வரத்து பாதியாகச் சரிந்தது. அதன் பிறகு அள்ளுபவர்களும் அதிகாரிகளும் ஆய்வாளர்களும் கூடி முடிவெடுத்தார்கள்: இனப்பெருக்கக் காலமான டிசம்பர் முதல் பிப்ரவரி வரை அள்ளுவதில்லை, சின்னக் கண் வலை கூடாது, அளவுக்குச் சிறிய கக்காவை ஏற்றுமதிக்கு எடுப்பதில்லை. 2014-இல் அந்தக் கக்கா மீன்பிடிப்புக்கு, வளத்தை அழிக்காமல் பிடிக்கிறார்கள் என்ற உலகச் சான்றிதழ் கிடைத்தது. இந்தியாவில் அத்தகைய சான்று பெற்ற முதல் மீன்பிடிப்பு அதுதான். தோணிப் பயணத்தில் கரையில் குவிந்த கக்கா ஓடுகளைப் பார்ப்பவர்கள் இந்தக் கதையையும் கேட்டுக்கொள்வது நல்லது. வயிற்றைக் கட்டிக்கொண்டு வளத்தைக் காப்பாற்றிய ஊர்களின் கதை அது.

வேலை இழந்த தோணிக்கு வந்த வேலை

எண்பதுகளின் நடுவில் இரண்டு காரியங்கள் ஒரே நேரத்தில் நடந்தன. 1986-இல் கேரள அரசு சுற்றுலாவைத் தொழிலாக அறிவித்தது. அதே ஆண்டில் தென்மலையில் கல்லடைப் பாசனத் திட்டத்தின் அணை பயன்பாட்டுக்கு வந்தது. முதலாவது தோணிக்கு ஒரு புது வேலையைக் கொண்டுவந்தது. இரண்டாவது, தோணி மிதக்கும் தீவின் அடிமண்ணைத் தொட்டது.

முதலில் சுற்றுலா. கடவுளின் சொந்த நாடு என்ற விளம்பரம் 1989-இல் கிளம்பி உலகெங்கும் போனது. தொண்ணூறுகளில் நெல் சுமந்த கெட்டுவள்ளங்களுக்குக் கூரை போட்டு, கட்டில் போட்டு, ஆலப்புழையில் வீட்டுப்படகுகளாக மாற்றினார்கள். லாரி வந்த பிறகு கரையில் மட்கிக் கிடந்த வள்ளங்கள் அவை. 1993-இல் கொல்லத்திலிருந்து கோட்டப்புறம் வரையான நீர்வழி தேசிய நீர்வழி எண் 3 ஆனது. கொல்லத்திலிருந்து ஆலப்புழைக்கு நாள் முழுவதும் போகும் படகில் வெளிநாட்டுப் பயணிகள் ஏறத் தொடங்கினார்கள்.

மன்றோ துருத்தின் ஓடைகளுக்குள் வீட்டுப்படகு நுழையாது. அங்கே பாலங்கள் தாழ்ந்தவை, ஓடைகள் ஒடுக்கமானவை. அந்தக் குறையே அதற்கு வரமாக முடிந்தது. கொல்லம் மாவட்டச் சுற்றுலா மேம்பாட்டு மன்றம் சிறு தோணியில் ஊருக்குள் அழைத்துச் சென்று காட்டும் பயணத்தை நடத்தத் தொடங்கியது. ராட்டு சுற்றும் முற்றம், இறால் குட்டை, தோணி கட்டும் கொட்டகை, தென்னந்தோப்பு: காட்டுவதற்கென்று தனியாக எதையும் கட்ட வேண்டியிருக்கவில்லை. ஊர் தன் வேலையைப் பார்த்துக்கொண்டிருந்தது, விருந்தாளி ஓடையிலிருந்து பார்த்தார். நெல்லும் கயிறும் தளரத் தளர, சும்மா கிடந்த தோணிகளைத் தீவுக்காரர்களே எடுத்தார்கள். வீட்டில் ஒரு அறையை ஒதுக்கித் தங்க இடம் கொடுத்தார்கள். விடிகாலைப் பயணம் என்றும் அந்திப் பயணம் என்றும் நேரம் பிரித்துக்கொண்டார்கள். சரக்கு ஏற்றிய கழியால் இப்போது மனிதர்களை ஏற்றிச் சென்றார்கள்.

வழிகாட்டி என்று அங்கே தனி ஆள் கிடையாது. கழி ஊன்றுபவரே வழிகாட்டி. தாழ்ந்த பாலம் நெருங்கும்போது தலையைக் குனியச் சொல்லி அவர் குரல் கொடுப்பார். எல்லோரும் தோணிக்குள் மடங்கிப் படுக்க, பாலத்தின் அடிப்பக்கம் முகத்துக்கு மேலே ஒரு சாண் உயரத்தில் நகர்ந்து போகும். பாசி மணக்கும். காங்கிரீட்டில் ஒட்டிய சிப்பிகள் தெரியும். ஓதம் ஏறியிருந்தால் அந்த ஒரு சாணும் இருக்காது, வேறு ஓடைக்குத் திருப்ப வேண்டும். ஆகவே எந்த நேரம் எந்த ஓடை என்பதைக் கடல்தான் தீர்மானிக்கிறது. தோணிக்காரர் அதைப் படித்துச் சொல்கிறார். ஓடை காயலில் திறக்கும் இடத்தில் கண்டல் மரங்கள் இரு புறமும் வளைந்து கூரை போட்டிருக்கும். அதற்குள் நுழைந்து வெளியே வரும்போது எட்டுக்கை விரித்த அஷ்டமுடி முழுவதும் கண்ணில் விழும். தமிழ்நாட்டில் பிச்சாவரம் போனவர்களுக்குக் கண்டல் குகை புதிதாக இருக்காது. பிச்சாவரத்தில் நாம் காட்டுக்குள் போகிறோம். இங்கே வீடுகளுக்கு நடுவே போகிறோம். துணி துவைக்கும் படித்துறை, பாத்திரம் கழுவும் படிக்கட்டு, கோழிக்கூடு எல்லாம் கைக்கெட்டும் தூரத்தில் இருக்கும்.

தாழும் தீவு

இப்போது அணையின் கதை. தென்மலையில் நீர் தேங்கியதும் அதோடு வந்த மண்ணும் அங்கேயே தங்கியது. பாசனத்துக்கு நீர் கிடைத்தது, கீழே தீவுக்கு வண்டல் நின்றது. ஆற்றில் மணல் அள்ளியதும் சேர்ந்துகொண்டது. வண்டலால் உருவான நிலம் தன் எடையிலேயே மெல்ல அமுங்கும். ஆண்டுதோறும் புது அடுக்கு விழுந்தால் சமன் ஆகிவிடும், விழாவிட்டால் தாழும். அமெரிக்காவில் மிசிசிப்பி ஆற்றின் முகத்துவாரத்தில் இதே காரணத்தால் பெரும் நிலப்பரப்பு கடலுக்குள் போயிருக்கிறது. அங்கே மேலே அணைகள் மண்ணைப் பிடித்துக்கொண்டன, கரைகட்டுகள் வெள்ளத்தைப் பரவவிடவில்லை.

மன்றோ துருத்தில் இன்று பெரிய ஓதம் வரும் நாட்களில் முற்றத்தில் தண்ணீர் ஏறுகிறது. வீட்டுச் சுவரின் அடியில் உப்புப் பூக்கிறது. அஸ்திவாரம் இறங்கி வாசற்படி நிலத்தோடு நிலமாகிறது. உப்பு ஏறிய வயலில் நெல் போய்விட்டது. தென்னைகள் சில தலையிழந்து நிற்கின்றன. 2004 சுனாமிக்குப் பிறகு நீர் ஏறுவது அதிகமாகிவிட்டது என்று தீவு மக்கள் சொல்கிறார்கள். ரயில் அதிர்வைக் காரணம் சொல்பவர்களும் உண்டு. ஆய்வாளர்கள் வண்டல் நின்றதையும் ஓதத்தையும் கடல்மட்டம் உயர்வதையும் சேர்த்துப் பார்க்கிறார்கள். பல குடும்பங்கள் வீட்டை விட்டு அக்கரைக்குப் போய்விட்டன. தோணியில் போகும்போது பூட்டிய வீடுகளைப் பார்க்கலாம். அவற்றைக் காட்சியாக எண்ணிப் படம் எடுக்காமல் கடப்பது மரியாதை.

தோணிப் பயணம் தீவைக் காப்பாற்றுமா என்றால், மண்ணை அது கொண்டுவராது. ஆனால் மூன்று காரியங்களைச் செய்கிறது. தீவில் இருந்தபடியே பிழைக்க ஒரு கூலியைத் தருகிறது. ஓடைகளைத் தூர்க்காமலும் குப்பை சேராமலும் வைத்திருக்க ஊருக்கு ஒரு காரணத்தைத் தருகிறது. கண்டலை வெட்டினால் நட்டம் என்ற கணக்கைத் தருகிறது. கண்டல் நிற்கும் வரை கரை கரையும் வேகம் குறையும். மோட்டார் படகின் அலை கரையை அறுக்கும். கழித் தோணியின் அலை புல்லைக்கூட அசைக்காது. ஆகவே எந்தப் படகில் ஏறுகிறோம் என்பதும் தீவின் ஆயுளைத் தொடும் காரியம்.

தென்காசியிலிருந்து போகிறவர்களுக்கு

தென்காசியிலிருந்து அங்கே போகும் வழியே பயணத்தின் முதல் பாதி. 1904-இல் செங்கோட்டை – கொல்லம் மலைப்பாதையில் ரயில் ஓடத் தொடங்கியது. மீட்டர் கேஜ் பாதை 2010-இல் நின்று, அகலப் பாதையாகி, 2018-இல் முழுமையாகத் திறந்தது. பகவதிபுரம் தாண்டிக் குகைக்குள் நுழைந்து ஆரியங்காவில் வெளியே வந்ததும் நீர் ஓடும் திசை மாறிவிடும். அங்கிருந்து பாதையும் ஆறும் சேர்ந்தே இறங்கும். கழுத்துருட்டியில் பதின்மூன்று கண் பாலத்தின் கீழே ஓடும் ஆறுதான் கல்லடைக்குப் போகிறது. புனலூரில் 1877-இல் கட்டிய தொங்குபாலம் நிற்பதும் கல்லடையின் மேல்தான். கொல்லத்தில் இறங்கி எர்ணாகுளம் பக்கம் போகும் ரயிலில் மாறினால் சிறிது நேரத்தில் மன்றோ துருத்து நிலையம். ஜன்னல் ஓரம் இடம் கிடைத்தால், மலைச் சரிவு முதல் முகத்துவாரம் வரை ஒரு ஆற்றின் வாழ்வை ஒரே பகலில் பார்த்துவிடலாம்.

குற்றாலத்தில் கூட்டம் என்றால் நம் ஆட்கள் பாலருவிக்குத்தான் போவார்கள். அங்கே விழும் நீர் அருவியோடு முடிவதில்லை. நாம் கிழித்துப் போடும் ஷாம்பு பாக்கெட்டும் சோப்பு நுரையும் எண்ணெயும் அந்த ஆற்றோடு கீழே போகும். போய்ச் சேரும் இடத்தில் ஒருவர் கக்காவுக்காக முழுகிக்கொண்டிருப்பார், இன்னொருவர் வாசல் ஓடையில் பாத்திரம் கழுவிக்கொண்டிருப்பார். குற்றால அருவிகளில் சோப்பு, ஷாம்பு, எண்ணெய் கூடாது என்று உயர்நீதிமன்றம் சொல்ல வேண்டியிருந்தது. பாலருவிக்கு நாமே சொல்லிக்கொள்ளலாம்.

தீவில் இறங்கினால் ஊர்க்காரரின் கழித் தோணியைக் கேளுங்கள். பேரம் பேசிக் கூலியைக் குறைக்காதீர்கள். ராட்டு சுற்றும் பெண்ணிடம் ஒரு கட்டுக் கயிறு வாங்குங்கள், தென்காசியில் அதற்கு ஆயிரம் உபயோகம் உண்டு. பிள்ளைகளிடம் ஓடையைக் காட்டி, இது யாரோ நீரில் நின்று வெட்டியது என்று சொல்லுங்கள். காலடியில் இருக்கும் மண் ஆரியங்காவு மலையிலிருந்து வந்தது என்றும் சொல்லுங்கள்.

அணைகள் தேக்கிய வண்டலைக் கீழே அனுப்ப வழி உண்டா, ஆற்று மணலைக் காப்பது எப்படி, கண்டலை எங்கெங்கே நடலாம் என்ற கேள்விகள் கேரளத்துக்கு மட்டும் உரியவை அல்ல. பாபநாசத்திலும் மணிமுத்தாறிலும் அணை கட்டி, ஆற்று மணலையும் அள்ளிவிட்டு, புன்னைக்காயல் முகத்துவாரத்தில் மீனவர்களை வைத்திருக்கும் நமக்கும் அவை நாளைக்கு வரும். மலைக்கு அந்தப் பக்கம் முன்கூட்டியே எழுதப்பட்ட பாடத்தை, ஒரு தோணியில் உட்கார்ந்து படித்து வருவதற்கு இரண்டு மணி நேரம் போதும்.